குறுக்கு விசாரணைக்கு முன்னால்

அன்புள்ள சீனு,

உன் மனைவி போட்ட ஜீவனாம்ச வழக்குக்காக நீ தயாரித்த பிரமாணப் பத்திரத்தின் நகலை, வாட்ஸ்அப்பில் அனுப்பினாயே, அதை இரண்டு முறை படித்தேன். அதற்கப்புறம் நீ போனே எடுக்கவில்லை. வேலையாக இருப்பாய். பெரியப்பாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. மற்ற சேதி எல்லாம் பிறகு.

மாத வருமானம் 41,000 என்று போட்டிருக்கிறாய். வீட்டுக் கடன், கார் கடன், எல்.ஐ.சி. எல்லாம் போகக் கையில் நிற்பது அது. அதை வருமானம் என்று எழுதக் கூடாதப்பா. வருமான வரி, பி.எஃப். மாதிரி கட்டாயப் பிடித்தத்தைத்தான் கோர்ட் கழித்துப் பார்க்கும். நீயாக வாங்கிய கடனுக்கான தவணையைப் பொதுவாகக் கழிக்காது. மொத்தச் சம்பளத்தை வருமானத்தில் எழுது, கடனைக் கடன் பகுதியில் எழுது. போனஸ், கம்பெனி ஷேர் இருந்தால் அதுவும். உன் வக்கீல் கெட்டிக்காரப் பிள்ளைதான், ஆனால் பழைய ஃபைலைப் பார்த்து அடித்த மாதிரி இருக்கிறது. கையெழுத்து உன்னுடையது. மாட்டினால் நீதான்.

ஜீவனாம்ச வழக்கில் இரண்டு தரப்பும் சொத்து, கடன் விவரத்தைப் பிரமாணமாகத் தர வேண்டும் என்று 2020 நவம்பரில் ரஜ்னேஷ் – நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் படிவமே வகுத்துக் கொடுத்துவிட்டது. சந்தேகம் வந்தால் எதிர்த்தரப்பு கேள்விப் பட்டியல் கொடுக்கும், ஆவணம் கேட்டு மனுப் போடும். கம்பெனி தரும் சம்பள வரிச் சான்றான ஃபார்ம் 16, வரித்துறையின் வரிப் பிடித்தக் கணக்கான 26ஏ.எஸ்., பேங்க் ஸ்டேட்மெண்ட் மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் குட்டு வெளிப்பட்டுவிடும். பிறகு, கோர்ட்டில் பொய் சொன்னதை விசாரிக்கச் சொல்லி, புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 379-ஆவது பிரிவில் மனு. பொய்சாட்சியம் நிரூபணமானால் ஏழு வருஷம் வரை. ஜெயில் வரை போவது அபூர்வம்தான், உன்னைப் பயமுறுத்தவில்லை. ஆனால் குட்டியைப் பார்க்க நீ போட்ட மனுவும் அதே நீதிபதியிடம்தானே இருக்கிறது?

சொல்லாமல் விட்டால் பொய்யாகாது என்று நினைக்காதே. மெட்ராஸ் ஹைகோர்ட்டிலிருந்து போன செங்கல்வராய நாயுடு வழக்கில் வாதி, சொத்தில் உரிமையை விட்டுக்கொடுத்து எழுதிய விடுதலைப் பத்திரத்தை மறைத்துப் பாகப்பிரிவினை டிக்ரி வாங்கினார். அது கோர்ட்டையே மோசடி செய்தது, டிக்ரியே செல்லாது என்று 1993-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

என்னையும் உன் சம்பாத்தியத்தில் வாழ்கிறவளாகக் காட்டியிருக்கிறாய். கோர்ட் ஆபீஸில் சிரஸ்தாராக ரிட்டயர் ஆனவளுக்குப் பென்ஷன் வராதா? படிவமே அதைக் கேட்கிறது. காலேஜ் ஃபீஸுக்கு வாங்கிய கடனைக் கூட நீயே அடைத்தவன், ஊரே சொல்லும். உனக்கு ஏன் இந்தப் பிழைப்பு?

உன்னைக் கேட்க எனக்கு வாய் இல்லை. அந்த எட்டு லட்சம். நோட்டீஸ் வந்த பதினொன்றாம் நாள் என் பெயரில் டெபாசிட் போட்டாய். நான் ஃபாரத்தில் கையெழுத்துப் போட்டேன். சட்டம் தெரியாமல் போட்டேன் என்று யார் நம்புவார்கள்? மருமகள் மேல் இருந்த ஆத்திரத்தில்தான் போட்டேன். வட்டி என் பான் நம்பரில் காட்டும், சரி. பணம் வெளியே போன தேதி உன் ஸ்டேட்மெண்டில் நிற்கிறதே. என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினால் நான் என்ன சொல்லட்டும்?

அடுத்த வாய்தா குறுக்கு விசாரணைக்கு. அதற்கு முன்னால் கூடுதல் பிரமாணப் பத்திரம் போடு. எந்தப் பத்தி தப்பு, சரியான தொகை என்ன, ஏன் விட்டுப்போனது என்று நேராக எழுது. சம்பள ரசீது, ஸ்டேட்மெண்ட் இணை. எதிர்த்தரப்புக்கு நகல் கொடு. மொத்தச் சம்பளத்தை எழுது, மறக்காதே.

திங்கட்கிழமை பேங்குக்குப் போய் டெபாசிட்டை முடித்து உன் கணக்குக்கே திருப்பிவிடுகிறேன். வட்டி கொஞ்சம் குறையும், போகட்டும். ரசீது அனுப்புகிறேன், வக்கீலிடம் கொடு. அம்மாவிடம் வாங்கிய கடனைத் திருப்பியது என்று மட்டும் எழுதிவிடாதே. நீ என்னிடம் கடன் வாங்கினதே இல்லை.

அம்மா