பாணபத்திரர் இரவல் குரலில் பாடவில்லை

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

சென்ற சனிக்கிழமை மூத்தோருக்காக நடந்த ஒரு திரைப்பாடல் புதிர்ப் போட்டியில் தோற்றுப்போனேன். 20 வெள்ளிப் பற்றுச்சீட்டு கைநழுவியதில் வருத்தம் கொஞ்சம்தான். தோற்ற விதம்தான் இன்னும் உறுத்துகிறது.

‘இசைத்தமிழ் நீ செய்த அருஞ்சாதனை’ பாடலைப் பாடியவர் யார் என்று கேட்டார்கள். டி.எம். சௌந்தரராஜன், சீர்காழி கோவிந்தராஜன், பாலமுரளிகிருஷ்ணா என்று மூன்று விடைகள் தந்திருந்தார்கள். ‘மூன்றும் தவறு’ என்று எழுதிக் கொடுத்தேன். கிடைத்தது பூஜ்யம். சீர்காழி என்று குறித்தவர்களுக்குக் கைதட்டல். நான் எழுந்தேன், பேத்தி சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்துவிட்டாள்.

பாடியவர் டி.ஆர். மகாலிங்கம். 1965இல் வந்த ‘திருவிளையாடல்’ படத்தில் அதைப் பாடும் பாணபத்திரர் என்ற இசைக்கலைஞராக நடித்தவரும் அவரேதான். நடித்தவரே பாடியிருப்பார் என்பது இன்று பலருக்குத் தோன்றுவதே இல்லை போலும்.

என் அப்பா மதுரைப் பக்கத்துக்காரர். சிங்கப்பூரில் செம்பவாங் கடற்படைத் தளத்தில் வேலைக்கு வருவதற்கு முன்பே ஊரில் ‘ஸ்ரீவள்ளி’ பார்த்தவர். 1945இல் வந்த அந்தப் படத்தில் மகாலிங்கம்தான் முருகன். வள்ளியாக நடித்த குமாரி ருக்மிணியின் பாட்டு எடுபடவில்லை என்று பி.ஏ. பெரியநாயகியைப் பாட வைத்துக் குரலை மாற்றினார் தயாரிப்பாளர் ஏவி. மெய்யப்பன். முருகனின் குரலில் யாரும் கை வைக்கவில்லை. சோழவந்தானை அடுத்த தென்கரையில் 1924இல் பிறந்து, சிறு வயதிலேயே நாடக மேடை ஏறி, நாடக மேடைப் பாடகர் எஸ்.ஜி. கிட்டப்பாவின் பாணியைத் தொண்டையில் ஏற்றிக்கொண்டவரின் குரல் அது. அப்பா குளிக்கும்போது ‘காயாத கானகத்தே’ பாட முயல்வார். மேல் ஸ்தாயிக்குப் போகும் இடத்தில் இருமல் வந்துவிடும்.

‘திருவிளையாடல்’ படத்தைச் சோங் பாங்கில் இருந்த சுல்தான் தியேட்டரில் அப்பாவோடு பார்த்தேன். எனக்கு 12 வயது இருக்கும். ‘ஒரு நாள் போதுமா’ என்று வெளியூர் வித்துவானாக வந்த பாலையா ஆர்ப்பாட்டமாகப் பாடியபோது கொட்டகையே குலுங்கியது. நானும் கை தட்டினேன். “அது பாலமுரளி குரல். கொஞ்சம் பொறு, சொந்தக் குரல்காரன் வருவான்” என்றார் அப்பா. மறுநாள் அந்த வித்துவானை எதிர்த்துப் பாட வேண்டுமே என்ற பயத்தில் பாணபத்திரர் இறைவன் முன் நின்று உருகும் காட்சி வந்தது. நான் அப்பாவின் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்பா சொல்லாத ஒன்றைப் பிறகு நானே கண்டுகொண்டேன். அதே படத்தில் ஔவையாக வந்து சொந்தக் குரலில் பாடியவர் கே.பி. சுந்தராம்பாள், கிட்டப்பாவின் மனைவி. கிட்டப்பா 1933இலேயே மறைந்துவிட்டார். அவர் மனைவியும் அவர் பாணியைப் பின்பற்றிய கலைஞரும் 32 ஆண்டுகள் கழித்து ஒரே படத்தில், இரவல் குரல் இல்லாமல் பாடியிருக்கிறார்கள். இதையல்லவா புதிரில் கேட்க வேண்டும்?

‘ஸ்ரீவள்ளி’க்கும் ‘திருவிளையாடலு’க்கும் இடைப்பட்ட காலத்தில் மகாலிங்கம் சொந்தப் படங்கள் எடுத்துப் பணத்தை இழந்தார். கதாநாயக அந்தஸ்து போனது. 1958இல் கண்ணதாசன் ‘மாலையிட்ட மங்கை’ தயாரித்து அவரைத் திரும்ப அழைத்து வந்தார். ‘செந்தமிழ் தேன்மொழியாள்’ அதில்தான். பாணபத்திரரின் பாட்டும் கண்ணதாசன் எழுதியதே. பின்னாளில் சில காட்சிகளுக்கு வந்து பாடிவிட்டுப் போகும் வேடங்களே பெரும்பாலும் கிடைத்தன. 1978இல் 53 வயதில் காலமானார்.

சீர்காழியாருக்கு நான் எதிரியல்ல. அவர் பாடல்கள் இல்லாமல் என் காலைப்பொழுது விடியாது. ஆனால் அவர் புகழுக்கு மகாலிங்கத்தின் பாட்டை எடுத்துச் சேர்க்க வேண்டிய அவசியம் இல்லை. இத்தகைய போட்டிகளை நடத்துவோர் வினாத்தாள் தயாரிக்கும்போது படத்தின் பெயர்ப் பட்டியலை ஒருமுறையாவது பார்க்க வேண்டும். பழைய பாடல்களை ஒலிபரப்பும் அறிவிப்பாளர்களும் படத்தின் பெயரோடு நிறுத்திக்கொள்ளாமல் பாடியவர் பெயரையும் சொல்லலாம்.

வீடு திரும்பும் வழியில், பஸ்ஸின் மேல்தளத்தில், பேத்தி கைப்பேசியில் அந்தக் காட்சியைத் தேடி எடுத்தாள். முழுவதும் பார்த்தாள். “தாத்தா, நிஜமாகவே இவர்தான் பாடுகிறாரா?” என்று கேட்டுவிட்டு மறுபடி முதலிலிருந்து போட்டாள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கிரேன் ஓட்டுநர்,
ஈசூன்