கலியாணத்தைத் தள்ளிப்போடாதே, தம்பி

அன்புள்ள தம்பி,

எங்கே எப்போது யுத்தம் வெடிக்கும், டொலர் எங்கே போய் நிற்கும் என்று தெரியாத நேரத்தில் கலியாணமும் வீடும் எதற்கு, இரண்டையும் ஒரு இரண்டு வருடம் தள்ளிப்போடுவோம் அக்கா என்று நேற்றுப் போனில் சொன்னாய். ராத்திரி முழுக்க அதே யோசனைதான் எனக்கு.

உன் பயம் நியாயமானது. திருகோணமலை துறைமுக ஊர், எங்கோ மூளும் சண்டை இங்கேயும் வந்து சேரும். 1942 ஏப்ரல் 9இல் ஜப்பான் விமானங்கள் தாக்கியதில் சீனக்குடாவில் எண்ணெய்த் தாங்கி எரிந்தது. 2022இல் குண்டு விழவில்லை, ஆனால் கையில் டொலர் இல்லாத நாட்டில், உக்ரைன் யுத்தத்தால் எண்ணெய் விலையும் ஏற, ஏப்ரல் 12இல் வெளிநாட்டுக் கடனைக் கட்ட முடியாதென்று அரசு அறிவித்தது. 200 ரூபாயாக இருந்த டொலர் மே மாதம் 360ஐத் தாண்டியது. மண்ணெண்ணெய் இல்லாமல் வள்ளங்கள் கரையில் கிடந்ததை நீயே பார்த்தாய்.

அதற்கு முந்தின வருடம்தான் நான் காப்பை அடகு வைத்து பழைய ஸ்கூட்டி ஒன்று வாங்கியிருந்தேன். பெற்றோல் இல்லாமல் அது விறாந்தையில் நிற்க, வட்டி மட்டும் ஓடிக்கொண்டிருந்தது, கடைசியில் காப்பும் போய்விட்டது. பக்கத்து வளவு மாமிக்குக் கடனே இல்லை, கிணறும் முருங்கையும் விறகடுப்பும் இருந்தன, அந்த மாதங்களில் எங்கள் வீட்டுக்கும் சேர்த்து அவதான் சமைத்தா.

அதனால்தான் சொல்கிறேன், பயப்பட வேண்டியது லீசிங்கில் எடுக்கப்போகிறேன் என்றாயே, அந்த ஓட்டோவுக்கு. அதை விடு. கலியாணத்தைத் தள்ளாதே. 1990இல் இடம்பெயர்ந்து முகாமில் இருக்கும்போதுதான் அம்மா என்னைப் பெற்றா, நாலு வருடம் கழித்து நீ பிறந்தபோதும் யுத்தம் முடிந்திருக்கவில்லை. மண்டபமும் ஐந்நூறு பேரும் வேண்டாம், காளி கோயிலில் தாலி கட்டு, சாப்பாட்டை நம் முற்றத்தில் வைத்துக்கொள்வோம். வீட்டை வங்கிக் கடன் இல்லாமல் ஒரு அறையும் குசினியுமாகத் தொடங்கு, மற்ற அறைக்கு அத்திவாரம் மட்டும் போட்டு வை, காசு வரும்போது எழுப்பலாம். குசினிக்கு வெளியே ஒரு விறகடுப்பு கட்டாயம் வேண்டும்.

முதலில் கிணறு. உப்புவெளி மணலில் ஆழமாய்த் தோண்டினால் உவர்த்தண்ணி வந்துவிடும், அயலில் எத்தனை முழத்தில் நிறுத்தினார்கள் என்று கேட்டுவிட்டு வெட்டு. ஞாயிற்றுக்கிழமை அந்தப் பிள்ளையையும் கூட்டிக்கொண்டு வளவுக்கு வா, எந்த மூலையில் வெட்டுவது என்று மூன்று பேருமாய்ப் பார்ப்போம்.

உன் அக்கா