நிற்கிற வண்டியா, நிற்காத வண்டியா?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற வாரம் உங்கள் மாணவர் பக்கத்தில், 'வியாழனுக்குப் போக எத்தனை நாள் ஆகும்?' என்ற கேள்விக்கு 'சுமார் 13 மாதம்' என்று ஒரே வரியில் பதில் போட்டிருந்தீர்கள். ஏழாவது படிக்கும் என் பேத்தி அதை அப்படியே நோட்டில் எழுதிக்கொண்டாள். அப்புறம் ஜூனோ விண்கலத்துக்கு 5 வருடம் பிடித்தது என்று எங்கோ படித்துவிட்டு, "தாத்தா, இதில் எது தப்பு?" என்று வந்து நின்றாள்.

இரண்டும் சரிதான். உங்கள் பதிலில் ஒரு சொல் விட்டுப்போயிருக்கிறது, அவ்வளவுதான்.

13 மாதம் என்பது நியூ ஹொரைசன்ஸ் விண்கலத்தின் கணக்கு. 2006 ஜனவரி 19 அன்று கிளம்பி, 2007 பிப்ரவரி 28 அன்று வியாழனைக் கடந்தது. கடந்தது; நிற்கவில்லை. அது புளூட்டோ வண்டி, வியாழன் அதற்கு வழியில் வருகிற ஸ்டேஷன். கலம் அரை டன்கூட இல்லை, ராக்கெட்டோ பெரியது. நிலா இருக்கும் தூரத்தை 9 மணி நேரத்தில் தாண்டிவிட்டது. ஜூனோ போனது வியாழனிலேயே தங்குவதற்கு.

நான் ரயில்வேயில் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவன். விழுப்புரம் - திருச்சி கார்டு லைனில் ஒரு சின்ன ஸ்டேஷனில் பல வருடம் வேலை பார்த்தேன். அங்கே வைகை எக்ஸ்பிரஸ் நிற்காது. மீட்டர் கேஜ் காலம், ஒற்றைப் பாதை. வண்டி வருகிற சத்தம் கேட்டதும் எங்கள் பாயிண்ட்ஸ்மேன் பிரம்பு வளையத்தில் டோக்கனை (அடுத்த ஸ்டேஷன் வரை போகலாம் என்பதற்கு அடையாளம்) மாட்டிக் கையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்பார். என்ஜினில் இருப்பவர் வெளியே கையை நீட்டி, ஓடுகிற ஓட்டத்திலேயே வளையத்தைத் தோளில் வாங்கிக்கொண்டு போய்விடுவார். புழுதி அடங்கும்போது வண்டி சிக்னலைத் தாண்டியிருக்கும். 2015 ஜூலை 14 அன்று நியூ ஹொரைசன்ஸ் புளூட்டோவைப் பார்த்ததும் இந்த மாதிரிதான். ஒன்பதரை வருடம் ஓடி, வினாடிக்குச் சுமார் 14 கி.மீ. வேகத்தில், 12,500 கி.மீ. பக்கத்தில் ஒரே பாய்ச்சல். கைக்குக் கிடைத்தது கிடைத்ததுதான், திரும்பி வந்து எடுக்க முடியாது. அன்று பிடித்ததை எல்லாம் பூமிக்கு அனுப்பி முடிக்கவே 2016 அக்டோபர் ஆகிவிட்டது.

நிற்கிற வண்டியின் பாடு வேறு. விண்வெளியில் உரசிப் பிடிக்கிற பிரேக் கிடையாது. என்ஜினை எதிர்ப்பக்கமாக எரித்துத்தான் வேகத்தைக் குறைக்க வேண்டும். அதற்கான எரிபொருளையும் இங்கிருந்தே சுமந்து போக வேண்டும். சுமை ஏறினால் ராக்கெட் கொடுக்கிற வேகம் குறையும். அப்போது வழியில் உள்ள கோள்களின் ஈர்ப்பில் ஒரு தள்ளு வாங்கித்தான் போக முடியும். ஜூனோ 2011 ஆகஸ்டில் புறப்பட்டு, சூரியனை ஒரு சுற்றுச் சுற்றி, 2013 அக்டோபரில் மறுபடி பூமிக்கே வந்தது. கிளம்பி இரண்டு வருடம் கழித்து வீட்டு வாசலில்! 2016 ஜூலையில் வியாழனை நெருங்கி 35 நிமிடம் என்ஜினை எரித்த பிறகுதான் அதன் சுற்றுப்பாதையில் உட்கார்ந்தது. சனிக்குப் போன காசினி எரிபொருளோடு ஐந்தரை டன்னுக்கு மேல். வெள்ளியை இரண்டு முறை, பூமியையும் வியாழனையும் ஒவ்வொரு முறை ஒட்டிப் போய், 1997 அக்டோபரில் கிளம்பியது 2004 ஜூலையில் போய்ச் சேர்ந்தது. நிற்காமல் போன வாயேஜர் 1 அதே சனியை 3 வருடம் 2 மாதத்தில் கடந்துவிட்டது.

பின்னால் கிளம்பிய வண்டி முந்துவதும் இந்தப் பாதையில் உண்டு. வைகை ஓடத் தொடங்கியது 1977 ஆகஸ்ட் 15. வாயேஜர் 2 கிளம்பியது அதே மாதம் 20. அதற்கு 16 நாள் கழித்துப் புறப்பட்ட வாயேஜர் 1, வியாழனுக்கு 4 மாதம் முன்னதாகவே போய்விட்டது. இப்போதும் ஒன்று நடக்கிறது. ஐரோப்பாவின் ஜூஸ் (பெயரைக் கேட்டுப் பேத்தி சிரித்தாள்) 2023 ஏப்ரலில் கிளம்பியது, 2031 ஜூலையில்தான் வியாழனுக்குப் போய்ச் சேரும். அதற்கு ஒன்றரை வருடம் பின்னால் கிளம்பிய அமெரிக்காவின் யூரோப்பா கிளிப்பர் 2030 ஏப்ரலிலேயே சேர்ந்துவிட வேண்டும்.

நெப்டியூனுக்கு வாயேஜர் 2 போய்ச் சேர 12 வருடம் ஆனது, 1989 ஆகஸ்டில். அதுவும் நிற்காத வண்டிதான். யுரேனஸிலும் நெப்டியூனிலும் இதுவரை எந்த வண்டியும் நின்றதில்லை. எங்கள் ஸ்டேஷனிலும் நான் இருந்த வரை வைகை நின்றதில்லை, அது வேறு விஷயம்.

அடுத்த முறை இப்படிப் பதில் போடும்போது, நிற்குமா நிற்காதா என்று ஒரு சொல் சேர்த்துப் போடுங்கள். பேத்தி தன் நோட்டில் '13 மாதம்' என்பதற்குப் பக்கத்தில் பென்சிலால் 'நிற்காது' என்று எழுதிக்கொண்டுவிட்டாள்.

ஓய்வு பெற்ற ஸ்டேஷன் மாஸ்டர்,
விருத்தாசலம்