க்ரோட்ட மார்க்ட் சதுக்கத்துப் பேச்சு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வெளியான நெதர்லாந்துப் பயணக் கட்டுரையை ஒரே மூச்சில் வாசித்தேன். நீங்கள் 'தி ஹேக்' என்று அச்சிடும் டென் ஹாக் நகரில்தான் 1987 முதல் குடியிருக்கிறேன். அமைதி அரண்மனையைப் பற்றியும் பின்னன்ஹோஃப் குளக்கரையைப் பற்றியும் கட்டுரையாளர் அழகாக எழுதியிருக்கிறார். ஆனால் க்ரோட்ட மார்க்ட் சதுக்கத்தை இரண்டே வரியில் கடந்துவிட்டார். அங்கே ஒரு கேலிச்சித்திரப் பொம்மை நிற்பதாகவும், சுற்றியிருக்கும் சனங்கள் கொச்சை டச்சு பேசுவதாகவும் எழுதியிருக்கிறார். அந்தக் 'கொச்சை' என்ற சொல்லுக்காகத்தான் இந்தக் கடிதம்.

அந்தச் சிலையின் பெயர் ஹாக்ஸெ ஹாரி. மார்னிக்ஸ் ரூப் என்ற டென் ஹாக் ஓவியரின் சித்திரக்கதை நாயகன். பின்னந்தலையில் நீண்ட முடி, உடம்பில் விளையாட்டு உடை, வாயில் எந்நேரமும் ஊர்ப்பேச்சு. ரூப் 2014-இல் காலமானார். 2016-இல் அவருடைய ஹாரி சதுக்கத்தில் சிலையாக வந்து நின்றான். ரூப்பின் படங்களைவிட அவருடைய எழுத்துக்கூட்டலைத்தான் நான் பெரிதாக மதிக்கிறேன். ஊர்க்காரரின் வாயில் ஒலி எப்படி வருகிறதோ அப்படியே எழுதினார். 'போதும், நிறுத்து' என்பது பாடப்புத்தக டச்சில் 'கப் நவ்'. ஹாரி சொல்வது 'கப் நா'. அரசின் எழுத்திலக்கண நூலை இங்கே 'பச்சைப் புத்தகம்' என்பார்கள். டென் ஹாக் வழக்குக்கு வந்த நூலோ, நகரக் கொடியின் நிறங்களை எடுத்துக்கொண்டு 'பச்சை மஞ்சள் புத்தகம்' ஆனது. விதிநூல் எழுதக்கூடிய ஒன்றைக் கொச்சை என்று தள்ளிவிட முடியுமா?

அந்த விதி எவ்வளவு சீரானது என்று காட்டுகிறேன். 'பார்' என்பது பாடப்புத்தகத்தில் 'கெய்க்', இங்கே 'கேக்'. 'நேரம்' அங்கே 'டெய்ட்', இங்கே 'டேட்'. இந்த ஏகாரத்தை வாயை இன்னும் சற்று அகலத் திறந்து சொல்லவேண்டும். சரி, பாடப்புத்தகத்தில் ஏற்கெனவே நெடிலாக இருப்பவை என்னாகும்? 'இரண்டு' என்பதற்கான 'ட்வே' இங்கே 'ட்வெய்'. 'இல்லை' என்பதற்கான 'நே' இங்கே 'நெய்'. அதாவது இரண்டு ஒலிகளும் இடம் மாறி உட்கார்ந்துகொள்கின்றன. 'அவ்' என்ற ஒலிக்கும் இதே கதைதான். 'ஃப்ரவ்' (பெண்) 'ஃப்ரா' ஆகிறது. 'ப்ரோட்' (பாண்) 'ப்ரவுட்' ஆகிறது. சொல்லின் கடைசியில் வரும் 'அர்' கரைந்து 'ஆ' ஆகிவிடும். சுவையாக இருந்தால் 'லெக்கர்' இல்லை, 'லெக்கா'. ஆளுக்கு ஆள் மாறுவதில்லை, சொல்லுக்குச் சொல் தப்புவதில்லை. நம் இலக்கணக்காரர்கள் 'ஐ' தன் மாத்திரையில் குறுகுவதைக் கண்டபோது அதைப் பிழை என்று ஒதுக்கவில்லை. ஐகாரக் குறுக்கம் என்று பெயர் வைத்து நூற்பாவில் சேர்த்தார்கள். அந்தப் பெருந்தன்மையில் வளர்ந்த நாம் பிறர் பேச்சையும் அப்படித்தானே பார்க்கவேண்டும்?

இதை நான் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. முதியோர் பராமரிப்பு இல்லம் ஒன்றில் 19 வருடங்கள் வேலை செய்தேன். சேர்ந்த முதல் மாதம், ஸ்கில்டர்ஸ்வெய்க் பகுதியில் பிறந்து வளர்ந்த ஒரு மூதாட்டி கட்டிலில் இருந்தபடி என்னைக் கூப்பிட்டு 'பேன், பேன்' என்றார். வகுப்பில் நான் படித்திருந்தது 'பென்' என்றால் பேனை. ஓடிப்போய் என் சட்டைப்பையில் இருந்த பேனையை எடுத்துவந்து அவர் கையில் கொடுத்தேன். அவர் அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு என் கையைப் பிடித்துத் தன் இடுப்பில் வைத்தார். 'பெய்ன்' என்றால் வலி. அவர் ஊரில் அது 'பேன்'. அந்த வெட்கம் எனக்கு இன்னும் போகவில்லை. வலியில் இருக்கும் மனிசி ஒருவருக்குப் பேனையை நீட்டியிருக்கிறேன்.

அன்றிலிருந்து காதைத் தீட்டிக்கொண்டேன். தேநீர் கொண்டுபோகும்போது ஒரு சொல், படுக்கை விரிக்கும்போது ஒரு சொல் என்று அவரிடமே கற்றேன். என்னை 'மேசி' என்றுதான் அழைப்பார். நம்மூரில் கிழவிகள் 'பிள்ளை' என்று கூப்பிடுவது போல. கடைசிக் காலத்தில் அவருக்கு மறதி நோய் முற்றியது. பெற்ற பிள்ளைகளின் பெயர்கூட நினைவில் இல்லை. பள்ளிக்கூடத்து டச்சு முழுவதும் போய்விட்டது. சின்ன வயதில் வீதியில் கதைத்த பேச்சு மட்டும் அப்படியே இருந்தது. வேறு மாகாணத்திலிருந்து வந்த இளம் மருத்துவர் ஒருவர் குனிந்து நின்று திருத்தமான டச்சில் கேள்வி கேட்பார். மூதாட்டி முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொள்வார். அதே கேள்வியை நான் அவருடைய வழக்கில் திருப்பிக் கேட்டால் உடனே பதில் வரும். ஒல்லாந்தர் இருவருக்கு நடுவே யாழ்ப்பாணத்துக்காரி நின்று மொழிபெயர்த்தேன். அந்த மூதாட்டிக்குக் கடைசிவரை மிஞ்சியிருந்த வீட்டைக் கொச்சை என்று சொல்ல எனக்கு மனம் வராது.

எல்லோரும் இதை ஏற்கவில்லை. மாலை வேளையில் போன மொழி வகுப்பு ஒன்றில் வாய்தவறி 'கேக்' என்று சொல்லிவிட்டேன். ஆசிரியை எல்லோர் முன்னாலும் நிறுத்தி, இந்தத் தெருப்பேச்சோடு போனால் உனக்கு எங்கும் நல்ல வேலை கிடைக்காது என்றார். அவர் நல்லெண்ணத்தில்தான் சொன்னார் என்று எடுத்துக்கொள்கிறேன். ஆனால் சென்னையில் தங்கியிருந்த நாட்களில் நான் வாயைத் திறந்ததும் 'நீங்க மலையாளமா?' என்று கேட்டவர்களின் முகம்தான் அப்போது கண்முன் வந்தது.

டென் ஹாக்கை இரண்டாகப் பிரித்துப் பார்ப்பது இந்த ஊர் வழக்கம். கடற்கரைப் பக்கம் மணல்மேடு. வசதியானவர்கள் அங்கே வீடு கட்டினார்கள். உள்ளே சதுப்பு நிலம். தொழிலாளர் குடியிருப்புகள் அங்கே எழுந்தன. மணலில் இருப்பவர் 'ஹாகனார்', சதுப்பில் இருப்பவர் 'ஹாகனேஸ்'. நடுவே ஓடும் மேர்டர்வோர்ட் நெடுஞ்சாலையை எல்லையாகக் காட்டுவார்கள். மணல்பக்கத்துக்கும் தனிப் பேச்சு உண்டு, உதட்டை அதிகம் அசைக்காத மேட்டுக்குடிப் பேச்சு. அதை யாரும் கொச்சை என்பதில்லை என்பதை மட்டும் கட்டுரையாளர் யோசித்துப் பார்க்கட்டும்.

அவர் வியந்து எழுதிய 'ப்ளெய்ன்' சதுக்கத்தில் ஓரஞ்ச் இளவரசர் வில்லெமின் சிலை 1848-இலிருந்து நிற்கிறது. நாட்டின் தந்தை என்று போற்றப்படுபவர். அங்கிருந்து பதினைந்து நிமிடம் நடந்தால் க்ரோட்ட மார்க்ட். அரசாங்கம் இருக்கும் ஊரில், நாட்டின் தந்தைக்கு ஒரு சதுக்கமும் சதுப்புநிலத்துப் பேச்சுக்கு ஒரு சதுக்கமும் கிடைத்திருக்கின்றன. இது எனக்குச் சாதாரணமாகத் தெரியவில்லை.

க்ரோட்ட மார்க்ட் என்றால் பெரிய சந்தை. அங்கே 1681-இல் எழுந்த போட்டர்வாக் கட்டடம் வெண்ணெயை எடைபோட்ட இடம். இன்று அது உணவகம். பக்கத்து பிரின்செக்ராக்ட் வீதியில் நடந்துவந்த சந்தை 1938-இல் ஹெர்மன் கோஸ்டர் வீதிக்கு மாறியது. சதுக்கத்தின் பக்கத்திலேயே நிலத்துக்கடியில் டிராம் நிலையம் இருக்கிறது. சுரங்கம் கட்டும்போது 1998-இல் தண்ணீர் உள்ளே புகுந்து, 2004-இல்தான் திறந்தார்கள். அதற்குள் சனங்கள் மூழ்கிய டைட்டானிக் கப்பலை நினைத்து அதற்கு 'டிராம்டானிக்' என்று பெயர் வைத்துவிட்டார்கள். இந்த ஊர் நாக்கின் கூர்மை அப்படி.

சந்தை இடம்மாறினாலும் பேச்சு அதோடு கூடவே போனது. நாங்கள் வெண்டிக்காயும் பாகற்காயும் வாங்குவது ஹெர்மன் கோஸ்டர் வீதியில்தான். சுரினாம் இந்துஸ்தானியர், துருக்கியர், மொரோக்கோவினர் எல்லோரும் கடை போட்டிருக்கிறார்கள். அவர்களின் பிள்ளைகள் விலை கூவும்போதும் 'ட்வெய்' என்றுதான் கேட்கிறது.

இந்தப் பேச்சில் எனக்கு ஒவ்வாததும் உண்டு. நோய்களின் பெயரைச் சொல்லித் திட்டுவது டச்சுக்காரர் பலரிடம் இருக்கும் பழக்கம். இந்த ஊரில் அது அதிகம் காதில் விழும். காசநோயும் புற்றுநோயும் வசைச்சொல்லாக வரும். புற்றுநோயாளியின் கட்டில் ஓரம் நின்றவளுக்கு அது காதில் விழும்போதெல்லாம் நெஞ்சு சுருங்கும். அதை நான் நியாயப்படுத்தமாட்டேன். ஆனால் வசைச்சொல் எந்தப் பேச்சில்தான் இல்லை?

இன்னொன்று. ஒல்லாந்தர் 1658-இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்தார்கள். அவர்கள் விட்டுப்போன சொற்களை நாம் இன்றும் வாயில் வைத்திருக்கிறோம். அலுவலகத்தை நாம் சொல்லும் கந்தோர் அவர்களுடையது. துட்டு அவர்களுடைய சில்லறைக் காசின் பெயர். கக்கூசும் அவர்களுடையதுதான், டச்சில் அது நாலுபேர் முன்னால் சொல்லக் கூசும் சொல். நமக்கு அந்தச் சொற்களைத் தந்தவர்கள் கப்பலில் வந்த சாதாரண சிப்பாய்களும் மாலுமிகளும்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. அவர்கள் 'கொச்சை'யாகப் பேசியிருக்காவிட்டால் நம் அகராதியில் அந்தச் சொல் ஏது?

கட்டுரைத் தொடர் இன்னும் முடியவில்லை என்று அடுத்த இதழ் அறிவிப்பில் பார்த்தேன். அதில் 'கொச்சை டச்சு' என்ற இடத்தை 'டென் ஹாக் வழக்கு' என்று திருத்தி ஒரு வரி போடுங்கள். கட்டுரையாளர் மறுபடி இந்தப் பக்கம் வந்தால், போட்டர்வாக் வாசலில் போட்டிருக்கும் மேசை ஒன்றில் அரைமணி நேரம் உட்கார்ந்து பக்கத்து மேசையைக் கேட்கச் சொல்லுங்கள். வேண்டுமானால் நானும் கூட வருகிறேன்.

அன்புடன்,
ஒரு வாசகி,
டென் ஹாக், நெதர்லாந்து.