எஸ்.பி. அலுவலகத்தில் தஞ்சம் அடைபவர்களுக்காக ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டின் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர்களுக்கு,

வணக்கம். 'காதல் ஜோடி எஸ்.பி. அலுவலகத்தில் தஞ்சம்' என்ற செய்தி எங்களுக்குப் பழகிப்போய்விட்டது. கழுத்தில் இன்னும் வாடாத மாலை, பெண்ணின் கையில் மார்க் ஷீட்டும் ஆதாரும் வைத்த பிளாஸ்டிக் கவர், படத்துக்குக் கீழே இருவரின் பெயர், ஊர், அப்பா பெயர். தேடிக்கொண்டிருக்கிறவர்களுக்கு ஆள் இருக்கும் இடத்தைப் படம் போட்டுச் சொல்லியாயிற்று. படம் எடுத்தது பத்திரிகைக்காரர் என்பீர்கள். சரி, எடுத்தது உங்கள் வளாகத்துக்குள்தானே?

நான் எழுத வந்தது அதற்கப்புறம் நடப்பதைப் பற்றி. நண்பன் ஒருவனின் பதிவுத் திருமணத்துக்குச் சாட்சிக் கையெழுத்துப் போட்டவன் நான். பாதுகாப்புக் கேட்டு எஸ்.பி. அலுவலகத்தில் நாங்கள் கொடுத்த மனுவை வாங்கிக்கொண்டு எங்களை மகளிர் காவல் நிலையத்துக்கு அனுப்பினார்கள், அங்கே முதல் வேலையாகப் பெண்ணின் அப்பாவுக்குப் போன் போனது, ஒரு மணி நேரத்தில் இரண்டு வேனில் சொந்தக்காரர்கள் வந்து இறங்கினார்கள். "ரெண்டு பேரும் மேஜர், நாங்க ஒண்ணும் பண்ண முடியாது, நீங்களே பேசிப் பாருங்க" என்று சொல்லிவிட்டு, அவளைத் தனி அறையில் அம்மாவோடும் இரண்டு சித்திகளோடும் உட்கார வைத்தார்கள். வெளியே வந்தபோது அவள் முகம் வீங்கியிருந்தது, ஆனால் முடிவு மாறவில்லை. "அப்ப எங்க நகையைக் கழட்டி வெச்சுட்டுப் போகச் சொல்லுங்க" என்றார் அப்பா. சங்கிலியும் வளையலும் மேசைக்கு வந்துவிட்டன. தோடு மட்டும் வரவில்லை, திருகாணி இறுகிப்போயிருந்தது. ஒரு பெண் காவலர் சோப்புத் தண்ணீர் கொண்டுவந்து பொறுமையாகக் கழற்றிக் கொடுத்தார். அன்று அந்த நிலையத்தில் அவளை யாராவது கனிவாகத் தொட்டார்கள் என்றால் அது அவர்தான்.

இருதரப்பிலும் எழுதி வாங்கினார்கள். சமரசம் முடிந்தது, மனு முடிந்தது.

உங்கள் கணக்கில் மாலையே முடிந்துவிடுகிற விஷயம் அவர்களுக்கு முடிவதில்லை. விருத்தாசலம் அருகே சாதி மாறிக் காதலித்த கண்ணகியும் முருகேசனும் 2003 மே மாதம் பதிவுத் திருமணம் செய்தார்கள், கொல்லப்பட்டது ஜூலையில். உடுமலைப்பேட்டை சங்கர் – கௌசல்யா கல்யாணம் 2015 ஜூலையில், சங்கரை வெட்டியது 2016 மார்ச் 13, பட்டப்பகலில், பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில். எட்டு மாதம் காத்திருந்திருக்கிறார்கள்!

அந்தக் கொலைக்கு அடுத்த மாதம்தான், உசிலம்பட்டிப் பகுதியில் 2014-ல் இறந்துபோன ஒரு பெண்ணின் வழக்கில், சாதி மாறிக் கல்யாணம் செய்தவர்களைப் பாதுகாக்க ஒவ்வொரு மாவட்டத்திலும் தனிப்பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. 2018 மார்ச்சில் சக்தி வாஹினி என்ற தொண்டு நிறுவனம் போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் விரிவாகவே சொன்னது. மாவட்டத்தில் பாதுகாப்பு இல்லம், பெயருக்கு ஒரு கட்டணம், முதலில் ஒரு மாதம், தேவைப்பட்டால் மாதாமாதம் நீட்டித்து ஒரு வருடம் வரை. ஒரு வருடம் என்று நீதிபதிகள் போட்டதற்குக் காரணம் இருக்குமல்லவா? கடமை தவறினால் துறை நடவடிக்கை என்றும் அதே தீர்ப்பில் இருக்கிறது. அன்று எங்களிடம் தனிப்பிரிவு பற்றியோ இல்லம் பற்றியோ யாரும் வாய் திறக்கவில்லை. எங்களுக்கும் கேட்கத் தெரியவில்லை.

ஆணவக் கொலைக்குத் தனிச் சட்டம் பற்றிப் பரிந்துரைக்க நீதிபதி கே.என். பாஷா தலைமையில் ஆணையம் என்று 2025 அக்டோபரில் அரசு அறிவித்தது. சட்டம் வரட்டும், நல்லது. நான் கேட்பதற்குப் புதுச் சட்டம் எதுவும் வேண்டாம். பெற்றவர்களுக்குப் போன் போடுவதற்கு முன்னால் பெண்ணிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். தனி அறையில் பேச வைத்தே ஆக வேண்டுமென்றால் ஒரு காவலரும் கூட இருக்கட்டும். மூன்று மாதம் கழித்து நிலையத்திலிருந்து ஒரு போன், "எப்படிம்மா இருக்கே" என்று, அவ்வளவுதான்.

இன்னொன்று. அன்று எழுதி வாங்கிய தாளில் அவர்கள் குடிபோகிற வீட்டின் கதவு எண், தெரு, ஊர் எல்லாம் தெளிவாக இருந்தது. அதில் ஒரு நகலை அவள் அப்பாவிடமும் கொடுத்தார்கள். மூன்றாவது வாரம் தெருமுனையில் அதே வேனைப் பார்த்துவிட்டு, கொடுத்த அட்வான்ஸைக்கூடத் திருப்பி வாங்காமல் அவர்கள் வீடு மாறினார்கள். இனிமேல் அந்த முகவரி வரியையாவது மறைத்துவிட்டு நகல் கொடுங்கள்.

இப்படிக்கு,
சாட்சிக் கையெழுத்துப் போட்டவன்