அந்த ஒரு மாதம் கைநழுவிப் போகிறது: திருகோணமலைச் சட்டத்தரணிகளுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய சட்டத்தரணிகளே,

கடற்படைத் தளமும் சீனன்குடா விமானப்படை முகாமும் உள்ள ஊர் நம்முடையது. மனநோயோடு படையிலிருந்து வீட்டுக்கு அனுப்பப்படும் இளைஞர்கள் உங்கள் கண்ணிலும் பட்டிருப்பார்கள். அவர்களில் தமிழ் பேசும் வீட்டுப் பிள்ளைகளும் உண்டு.

கையில் ஒரு கடிதம் இருக்கும். ‘சேவை இனித் தேவையில்லை’ என்றோ, அனுமதியின்றிக் கடமைக்கு வராததால் நீக்கம் என்றோ அதில் எழுதியிருக்கும். ஏன் வரவில்லை என்பது இருக்காது. யாரோ பேசும் குரல் கேட்கிறது என்று இரவெல்லாம் தூங்காமல் அறைக்குள் அடைந்து கிடந்தவர், கடமையைக் கைவிட்டவராகப் பதிவாகிவிடுகிறார். நோயால் விடுவிக்கப்பட்டவருக்கும் குற்றத்தால் நீக்கப்பட்டவருக்கும் ஓய்வூதியமும் ஒன்றல்ல, ஊரில் கிடைக்கும் மரியாதையும் ஒன்றல்ல.

அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையை உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனாலும் இந்தக் குடும்பங்களின் இடத்தில் நின்று அதை ஒருமுறை வாசியுங்கள். அடிப்படை உரிமை மீறப்பட்டவர் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தை நாட வேண்டும். தானே நாடலாம், அல்லது அவர் சார்பில் ஒரு சட்டத்தரணி நாடலாம். தாய் என்றோ மனைவி என்றோ அங்கே எழுதப்படவில்லை. சித்திரவதையால் இறந்தவருக்காக அவரது மனைவி வழக்காட 2003ஆம் ஆண்டுத் தீர்ப்பு இடமளித்தது. உயிரோடிருந்தும் தன் நிலை உணராதவருக்கு எஞ்சியிருப்பவர் நீங்கள்தான். அந்த ஒரு மாதமோ பெரும்பாலும் மனநல விடுதியிலேயே கழிந்துவிடுகிறது.

ஒரு வழி இருக்கிறது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி, பாதிக்கப்பட்டவர் சார்பில் இன்னொருவரும் முறையிடலாம். ஒரு மாதத்துக்குள் முறையிட்டுவிட்டால், விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் நம் ஊரிலேயே இருக்கிறது. இதை அறிந்த ஒரு தாயைக்கூட நான் இன்னும் சந்திக்கவில்லை.

அதிகாரிகளின் முடிவை ஆராய்ந்து மேன்முறையீட்டு நீதிமன்றம் பிறப்பிக்கும் கட்டளையான, 140ஆம் உறுப்புரையின் எழுத்தாணையும் உண்டு. ஒருவர் படையில் இருக்கத் தகுதியானவரா என்பதை மேன்முறையீட்டு நீதிமன்றம் தளபதிக்குப் பதிலாகத் தீர்மானிக்காது. ஆனால் நீக்கப்பட்டவரிடம் விளக்கம் கேட்டார்களா, மனநல வைத்தியரின் அறிக்கையைப் பார்த்தார்களா, பார்த்தும் ஒதுக்கியிருந்தால் அதற்குக் காரணம் எழுதினார்களா என்று ஆராயும். படை ஒழுக்கத்தில் நீதிமன்றம் கைவைக்காது என்ற பேச்சோடு கோப்பை மூடிவிடாதீர்கள். படையில் சேரும்போது பதியப்படாத நோய் சேவையால் வந்ததென்றே கொள்ள வேண்டும், மறுப்பதானால் அரசுதான் நிரூபிக்க வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 2013இல் ஒரு வலிப்பு நோய் வழக்கில் தீர்ப்பளித்தது. மனநோயில் அப்படிப் பொதுவாக ஊகிக்க முடியாது, ஒவ்வொரு வழக்கையும் தனித்தனியே பார்க்க வேண்டும் என்று 2019இல் அதே நீதிமன்றம் சொன்னது. தனித்தனியே பார்த்தாலே நம் பிள்ளைகளுக்குப் போதும். நெருக்கீட்டுக்குப் பிற்பட்ட மனவடு நோயோடு நீக்கப்பட்டவர்கள் தங்கள் நீக்கப் பதிவை மாற்றக் கோரும் விண்ணப்பங்களைத் தாராளமாகப் பரிசீலிக்கும்படி அமெரிக்கப் பாதுகாப்புச் செயலாளர் 2014இல் பணித்ததையும் நீங்கள் எடுத்துக்காட்டலாம்.

படையினருக்காகவா என்று நம்மவர் சிலர் கேட்பார்கள். இந்த ஊர் பட்டதை நான் மறக்கவில்லை. விளக்கம் கேட்காமல் தண்டிக்கப்படுவது எப்படியிருக்கும் என்று அறிந்தவர்கள் நாம், அதனால்தான் கேட்கிறேன்.

மனநலச் சிகிச்சை நடக்கும் நாளில், வாரத்துக்கு ஒருமுறை, உங்களில் ஒருவர் ஆஸ்பத்திரிக்கு வாருங்கள். சிங்களத்தில் வந்த கடிதத்தைத் தமிழில் வாசித்துச் சொல்லுங்கள். முதலில் திகதியைப் பாருங்கள். நாள் மிஞ்சியிருந்தால் அன்றே முறைப்பாட்டை எழுதுங்கள். நோய் நிர்ணய அட்டையின் பிரதியைப் பத்திரப்படுத்தச் சொல்லுங்கள். கொழும்பில் புதுக்கடை நீதிமன்றங்கள் வரை போகப் பணமில்லாதவர்களைச் சட்ட உதவி ஆணைக்குழுவுக்கு அனுப்பிவையுங்கள். குடும்பங்களை அழைத்துவரும் பொறுப்பை எங்களிடம் விடுங்கள். எந்தக் கிழமை உங்களுக்கு வசதி என்று மட்டும் தெரிவியுங்கள்.

இப்படிக்கு,
மனநோயாளர் குடும்பங்களோடு பணியாற்றும் ஒரு தொண்டர்,
உவர்மலை, திருகோணமலை