180 டிகிரி என்றால் எங்கிருந்து?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மொட்டைமாடி சோலார் பற்றித் தங்கள் நாளிதழில் வந்த கட்டுரையில், பேனல்களின் ‘அசிமத்’ 180 டிகிரி இருக்க வேண்டும் என்று ஒரு வரி இருந்தது. குலசேகரப்பட்டினம் ஏவுதளம் பற்றிய இன்னொரு கட்டுரையில், ராக்கெட் ‘நேராகத் தெற்கே’ போகும் என்று எழுதியிருந்தார்கள். இரண்டும் தவறில்லை. ஆனால் மாடியில் ஸ்பேனரோடு நிற்பவருக்கு அவ்வளவு போதாது. எங்கிருந்து எண்ணிய 180, எந்த வடக்கை வைத்து எண்ணியது என்று தெரிந்தால்தான் அந்த எண்ணுக்குப் பயன் உண்டு.

அசிமத் என்பதைத் திசைக்கோணம் என்று சொல்லலாம். நாம் நிற்கும் இடத்திலிருந்து ஒரு பொருளை நோக்கித் தரைமட்டமாகக் கோடு இழுத்தால், அது வடக்கிலிருந்து கடிகார முள் சுற்றும் பக்கமாக எத்தனை டிகிரி தள்ளி விழுகிறது என்பதுதான் கணக்கு. வடக்கு 0, கிழக்கு 90, தெற்கு 180, மேற்கு 270. பொருள் வானத்தில் இருந்தால் அதற்கு நேர் கீழே தொடுவானத்தில் உள்ள புள்ளியை எடுத்துக்கொள்ள வேண்டும். எவ்வளவு அண்ணாந்து பார்ப்பது என்பதை ஏற்றக்கோணம் தனியாகச் சொல்லும்.

பெரும்பாலோர் இப்படித்தான் எண்ணுகிறார்கள். எல்லோரும் அல்ல. வானியலில் தெற்கைப் பூச்சியமாக வைத்து மேற்கு வழியாக எண்ணும் பழக்கம் இருந்தது. அமெரிக்கக் கடற்கரை நில அளவைத் துறையும் நெடுங்காலம் தெற்கிலிருந்தே எண்ணியது. இதெல்லாம் பழங்கதை என்று விட்டுவிடலாம்தான். ஆனால் இன்று சோலார் மதிப்பீட்டுக்குப் பயன்படும் இரண்டு பிரபலமான இலவச இணையக் கருவிகளிலேயே இந்தச் சிக்கல் இருக்கிறது. அமெரிக்காவின் பிவிவாட்ஸில் தெற்கு 180. ஐரோப்பாவின் பிவிஜிஐஎஸ்ஸில் தெற்கு 0, கிழக்கு மைனஸ் 90, மேற்கு 90. தங்கள் கட்டுரையைப் படித்துவிட்டு ஒருவர் இரண்டாவதில் 180 என்று தட்டினால், பேனல் வடக்கு பார்த்து நிற்பதாகக் கருவி எடுத்துக்கொள்ளும். யூனிட் குறைந்து வரும். காரணம் தெரியாமல் பேனல் கம்பெனியைத் திட்டுவார். எந்தக் கருவியிலும் முதலில் கிழக்குக்கு என்ன எண் என்று பார்த்துவிட்டு மற்றதை நிரப்புவது நல்லது.

பேனல் விஷயத்தில் ஓர் ஆறுதல். நம் ஊர் நிலநடுக்கோட்டுக்குப் பக்கம். சென்னையில் ஏப்ரல் கடைசி வாரத்திலிருந்து ஆகஸ்ட் 18 வாக்கு வரை உச்சிவேளைச் சூரியன் நமக்கு வடக்கே நிற்கும். அந்த நாட்களில் நண்பகல் சூரியனின் திசைக்கோணம் 0, நிழல் தெற்கே விழும். கன்னியாகுமரியில் இது ஏப்ரல் 10 வாக்கில் தொடங்கிச் செப்டம்பர் முதல் தேதி வரை நீள்கிறது. ஆகவே 10, 12 டிகிரி சாய்வில் வைத்த பேனல் தெற்கிலிருந்து 20, 30 டிகிரி விலகி நின்றாலும் ஆண்டு மின்சாரத்தில் ஒரு சதவீதம்கூடக் குறையாது. முழுக்கக் கிழக்கோ மேற்கோ பார்த்தால் மூன்று சதவீதம் அளவில் போகும். கைப்பிடிச் சுவருக்கு இணையாகச் சட்டம் அடித்தால் காற்றுக்கும் பார்வைக்கும் நல்லது என்று ஃபிட்டர் சொன்னால் சண்டை போட வேண்டாம். தண்ணீர்த் தொட்டியின் நிழல் காலை ஒன்பது மணிக்கு மேல் பேனலில் விழுகிறதா என்று பாருங்கள். இழப்பு அங்கேதான் இருக்கிறது.

டிஷ் ஆண்டெனாவில் இந்தத் தாராளம் கிடையாது. டிடி ஃப்ரீ டிஷ் வரும் ஜிசாட்-15 செயற்கைக்கோள் கிழக்குத் தீர்க்கரேகை 93.5 டிகிரியில் நிற்கிறது. அதற்குச் சென்னையிலிருந்து திசைக்கோணம் 134, ஏற்றக்கோணம் 68. மதுரையில் திசைக்கோணம் 122, கன்னியாகுமரியில் 116. கிழக்குத் தீர்க்கரேகை 83 டிகிரியில் உள்ள செயற்கைக்கோளுக்கு வித்தியாசம் இன்னும் கூடுதல்: சென்னை 168, கோவை 151, கன்னியாகுமரி 146. ஒரே மாநிலத்துக்குள் 22 டிகிரி. செயற்கைக்கோள் தலைக்கு மேலே நெருங்க நெருங்க, நாம் சிறிது நகர்ந்தாலும் அதன் திசைக்கோணம் வேகமாக மாறும் என்பதே காரணம். சென்னையில் பழகியவர் நாகர்கோவிலில் அதே கைப்பழக்கத்தில் டிஷ்ஷைத் திருப்பினால் வானத்தில் ஐந்தாறு டிகிரி தள்ளிப் பார்த்துக்கொண்டிருப்பார். 60 செ.மீ. டிஷ்ஷின் கற்றை அகலமே மூன்று டிகிரி அளவுதான்.

வேலை செய்யும் வரிசையும் முக்கியம். முதலில் கம்பம் செங்குத்தாக நிற்க வேண்டும். ரசமட்டத்தைக் கம்பத்தில் இரண்டு பக்கம், ஒன்றுக்கொன்று செங்குத்தான பக்கங்களில், வைத்துப் பார்க்க வேண்டும். கம்பம் இரண்டு டிகிரி சாய்ந்திருந்தால், பக்கவாட்டில் திருப்பும்போதே ஏற்றக்கோணமும் கூடவே மாறும். பிறகு இரண்டையும் மாறி மாறித் துரத்த வேண்டியதுதான். அடுத்து ஏற்றக்கோணத்தை டிஷ்ஷின் பின்னால் உள்ள அளவுகோலில் வைத்து இறுக்கிவிட்டு, திசைக்கோணத்தை மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக, இரண்டிரண்டு டிகிரியாகத் திருப்ப வேண்டும். டிஜிட்டல் சிக்னல் பெட்டியில் தெரிய இரண்டு மூன்று விநாடி ஆகும். அதற்குள் அவசரப்பட்டு நகர்த்துவதால்தான் பல வீடுகளில் சிக்னலைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். சிக்னல் வரத் தொடங்கும் இடத்தையும் போகும் இடத்தையும் கம்பத்தில் பென்சிலால் குறித்து, நடுவில் நிறுத்தி, நட்டுகளை மாற்றி மாற்றி இறுக்க வேண்டும். ஒரு நட்டை முழுக்க இறுக்கிவிட்டு அடுத்ததற்குப் போனால் டிஷ் இழுத்துக்கொண்டு நகரும். நடுவில் நிறுத்தாமல் ‘படம் வந்துவிட்டது’ என்று விளிம்பிலேயே விட்டுவிட்டால் முதல் மழைக்கே படம் கட்டம் கட்டமாக உடையும்.

இன்னொரு நுணுக்கம். 68 டிகிரி ஏற்றத்தில் இருக்கும் பொருளுக்குத் திசைக்கோணத்தில் ஒரு டிகிரி பிசகினால், வானத்தில் அது 0.37 டிகிரிப் பிசகுதான். ஏற்றக்கோணத்தில் ஒரு டிகிரி பிசகினால் முழு ஒரு டிகிரியும் பிசகு. எனவே நம் பகுதியில் ஏற்றக்கோணத்துக்கே அதிகக் கவனம் வேண்டும். வட இந்தியாவில் எழுதிய கையேடுகளில் இந்தக் குறிப்பைப் பெரும்பாலும் காண முடியாது.

இனி, எந்த வடக்கு என்ற கேள்வி. திசைகாட்டி காட்டுவது காந்த வடக்கு. மேலே தந்த எண்கள் எல்லாம் உண்மை வடக்கிலிருந்து எண்ணியவை. இரண்டுக்கும் உள்ள வேறுபாடு, அதாவது காந்த ஒதுக்கம், தமிழ்நாட்டில் ஓரிரண்டு டிகிரிக்குள்தான், மேற்குப் பக்கமாக. அதனால் இங்கே யாரும் அதைப் பற்றிக் கவலைப்படுவதில்லை. அந்த அலட்சியத்தோடு டொரண்டோவுக்குப் போகும் நம்மவர்களுக்கு அங்கே சுமார் 10 டிகிரி காத்திருக்கிறது.

இங்கே பெரிய பிழை ஒதுக்கத்தால் வருவதில்லை, இரும்பால் வருகிறது. மாடியில் கான்கிரீட்டுக்குள் கம்பி, ஓரத்தில் ஜிஐ குழாய், தொட்டிக்கு இரும்பு ஸ்டாண்டு. செல்போன் உறையின் மூடியில் காந்தம். சட்டத்தின் மேலேயே போனை வைத்து அளந்தால் பத்து, இருபது டிகிரி பிசகுவது சாதாரணம். உறையைக் கழற்றி, போன் அமைப்பில் உண்மை வடக்கைத் தேர்ந்தெடுத்து, போனை எட்டுப் போடுவதுபோல் சுழற்றி, இரும்பிலிருந்து மூன்று நான்கு மீட்டர் தள்ளி மார்பு உயரத்தில் பிடித்துப் பார்க்க வேண்டும். பிறகு நில அளவைக்காரர்களின் பழைய சோதனை: அ என்ற இடத்திலிருந்து ஆ-வைப் பார்த்து ஒரு அளவு, ஆ-விலிருந்து அ-வைப் பார்த்து இன்னொரு அளவு. இரண்டுக்கும் வித்தியாசம் சரியாக 180 வர வேண்டும். வராவிட்டால் இரண்டில் ஓர் இடத்திலாவது இரும்பு இழுக்கிறது.

திசைகாட்டியே வேண்டாம் என்பவர்களுக்கு நிழல் இருக்கிறது. மட்டமான தரையில் ஒரு மீட்டர் கோலைத் தூக்குக்குண்டு பிடித்துச் செங்குத்தாக நிறுத்தி, அதன் அடியை மையமாக வைத்து ஒரு வட்டம் போடுங்கள். காலையில் நிழலின் நுனி வட்டத்தைத் தொட்டு உள்ளே வரும் இடத்தில் ஒரு புள்ளி. பிற்பகலில் அது வட்டத்தைத் தொட்டு வெளியேறும் இடத்தில் ஒரு புள்ளி. இரண்டையும் இணைக்கும் கோடு கிழக்கு மேற்கு. கோல் நட்டு நிழல் பார்த்துக் கயிறு பிடிக்கும் இந்த முறை நம் கட்டடக்காரர்களுக்குச் சங்க காலத்திலிருந்தே தெரிந்தது.

ஒரு நாள் முழுக்கக் காத்திருக்க முடியாதவர்கள், சூரியனின் திசைக்கோணத்தை நேரத்தோடு தரும் செயலியைப் பார்த்துக் கோலின் நிழலோடு ஒப்பிடலாம். நிழல் விழுவது அந்தக் கோணத்துக்கு நேர் எதிரே. இதைக் காலை ஏழரை மணி வாக்கில் செய்ய வேண்டும். அப்போது சூரியனின் திசைக்கோணம் மணிக்கு ஐந்து டிகிரி வாக்கில்தான் நகரும். கடிகாரம் பத்து நிமிடம் தப்பாக இருந்தாலும் ஒரு டிகிரி பிசகாது. டிசம்பர் நண்பகலில் சென்னையில் அது மணிக்கு 23 டிகிரி ஓடும். ஏப்ரல், மே மாதங்களில் உச்சிவேளையில் நிழலே காலடியில் கிடக்கும். அப்போது திசை பார்ப்பது வீண். ‘பன்னிரண்டு மணி நிழல் வடக்கு’ என்பதும் நம்பத்தக்கதல்ல. கோவையில் சூரியன் உச்சியைக் கடப்பது நவம்பர் தொடக்கத்தில் 12.06-க்கு, பிப்ரவரி நடுவில் 12.36-க்கு. சூரியன் உதிப்பது கிழக்கில் என்பதும் மார்ச், செப்டம்பர் 21-ஐ ஒட்டித்தான் சரி. சென்னையில் உதயத்தின் திசைக்கோணம் ஜூனில் 66, டிசம்பரில் 114.

இதே நிழல் முறை கிப்லா, அதாவது தொழுகைக்கு நோக்கும் மக்காவின் திசை, பார்க்கவும் உதவும். சென்னையிலிருந்து மக்காவின் திசைக்கோணம் 288, அதாவது நேர் மேற்கிலிருந்து 18 டிகிரி வடக்கே. மே 28 பிற்பகல் 2.48-க்கும் ஜூலை 16 பிற்பகல் 2.57-க்கும் சூரியன் மக்காவின் நேர் உச்சியில் நிற்கும். அந்த நிமிடத்தில் இங்கே செங்குத்துக் கோலின் நிழல் நுனியிலிருந்து அடியை நோக்கிப் போகும் கோடுதான் கிப்லா. மேகம் மறைத்தால் முந்தின நாளோ அடுத்த நாளோ அதே நேரத்தில் பார்த்தாலும் பெரிய பிசகு வராது.

இனி குலசை என்கிற குலசேகரப்பட்டினம். 2024 பிப்ரவரி 28 அன்று அடிக்கல் நாட்டப்பட்ட அந்த ஏவுதளத்தின் முழு நியாயமும் ஒரு திசைக்கோணத்தில்தான் இருக்கிறது. துருவங்களை ஒட்டிச் சுற்றும் செயற்கைக்கோளுக்கு ராக்கெட் தெற்கிலிருந்து சற்று மேற்கே சாய்ந்து, 190 டிகிரி வாக்கில் போக வேண்டும். ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து நேராகத் தெற்கே போனால் கீழே இலங்கை வருகிறது. அதனால் பிஎஸ்எல்வி ராக்கெட்டை 140 டிகிரியில், தென்கிழக்கே கடலுக்கு மேல் ஏவி, தீவுக்குக் கிழக்கே ஒதுங்கிய பிறகு தெற்கே திருப்புகிறார்கள். திருப்பம் இலவசமாகக் கிடைப்பதில்லை. எந்த வேகத்தில் போய்க்கொண்டிருந்தாலும், ஒரு பொருளை ஒரே எட்டில் 40 டிகிரி திருப்ப அந்த வேகத்தில் மூன்றில் இரண்டு பங்குக்குச் சமமான உந்தத்தைப் புதிதாகத் தர வேண்டும். பெரிய ராக்கெட் இதைத் தாங்கும். 500 கிலோ அளவில் சுமக்கும் எஸ்எஸ்எல்வி என்ற சிறிய ராக்கெட்டுக்கு எரிபொருளில் இப்படிக் கழிந்தால் சுமையில் பெரும் பங்கு போய்விடும். குலசையிலிருந்து 190 டிகிரியில் கோடு போட்டால் இலங்கை கிழக்கே ஒதுங்கிவிடுகிறது. கீழே முழுக்கக் கடல். அதே குலசையிலிருந்து நேர் கிழக்கே ஏவ முடியாது, எதிரே இலங்கை. புவிநிலைச் சுற்றுப்பாதைக்கான ஏவல்கள், ஜிஎஸ்எல்வி போகும் 104 டிகிரி போன்ற திசைகளில், ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்தே தொடரும். ‘நேராகத் தெற்கே’ என்ற வரியோடு ஒரு வரைபடமும் இந்த 140, 190 என்ற எண்களும் சேர்ந்திருந்தால் பள்ளிப் பிள்ளைகளுக்கும் விளங்கியிருக்கும்.

திசையோடு சம்பந்தமே இல்லாத இடத்திலும் இந்தச் சொல் புழங்குகிறது. கேசட் பிளேயரில் டேப்பைப் படிக்கும் ஹெட்டின் இடுக்கு டேப் ஓடும் போக்குக்குச் சரியாக 90 டிகிரியில் நிற்பதற்கும் அசிமத் என்றுதான் பெயர். மோனோ ஹெட்டில் ஒரு டிகிரியில் ஆறில் ஒரு பங்கு சாய்ந்தாலே 10,000 ஹெர்ட்ஸ் அளவிலான கூர்மை ஏறக்குறைய முழுக்கப் போய், குரல் போர்வைக்குள்ளிருந்து வருவதுபோல் கேட்கும். பழைய கேசட்டுகளைக் கணினியில் ஏற்றுபவர்கள், ஹெட்டின் ஓரத்தில் ஸ்பிரிங்கோடு இருக்கும் திருகைக் கால் சுற்றுக்குள் மெல்லத் திருப்பி, ‘ஸ’, ‘ச’ ஒலிகள் மிகத் தெளிவாகக் கேட்கும் இடத்தில் நிறுத்த வேண்டும். ஒவ்வொரு கேசட்டுக்கும் இதைத் தனித்தனியே செய்ய வேண்டும், ஏனெனில் பதிவு செய்த கருவியின் சாய்வு எதுவோ அதுவே அந்த டேப்பில் இருக்கிறது. காந்தமேறிய ஸ்குரூடிரைவரை மட்டும் பக்கத்தில் கொண்டுபோக வேண்டாம்.

இப்படிக்கு,
நில அளவையாளர் (ஓய்வு),
திருச்செந்தூர்